ஸ்கார்ஃபேஸின் வாரிசுகள்: எடுத்துக்கொண்டதும் விட்டுவிட்டதும்

கென் டக்கரின் 'ஸ்கார்ஃபேஸ் நேஷன்' 2008இல் வெளிவந்தது. பிரையன் டி பால்மா இயக்கத்தில் அல் பசீனோ நடித்து 1983 டிசம்பரில் திரைக்கு வந்த 'ஸ்கார்ஃபேஸ்' என்னும் ஒரே படத்துக்காக எழுதப்பட்ட முழு நூல் அது. டக்கர் அனுபவமுள்ள பத்திரிகை விமர்சகர். தகவல் திரட்டுவதில் சளைக்காதவர். படம் உருவான விதம், வெளியானபோது வாங்கிய அடி, பிறகு ராப் இசையிலும் தொலைக்காட்சியிலும் கடைகளில் விற்கும் சுவரொட்டிகளிலும் அது எடுத்த மறுபிறவி என்று எல்லாவற்றையும் தொடர்ந்து போகிறார். ஆனால் நூலின் துணைத்தலைப்பு இன்னும் பெரிய ஒன்றைச் சொல்கிறது: இந்தப் படம் அமெரிக்காவை மாற்றியது என்கிறது. ஒரு படம் ஒரு நாட்டை மாற்றியது என்று எதை வைத்துச் சொல்வது? அந்தப் படத்தின் பெயர் எத்தனை பாட்டில் வருகிறது, எத்தனை பனியனில் அச்சாகியிருக்கிறது, எத்தனை பேர் அதன் வசனத்தைச் சொல்கிறார்கள் என்று கணக்கெடுப்பது வழக்கமான முறை. படம் எவ்வளவு தூரம் பரவியது என்பதற்கு அந்தக் கணக்கு சான்றாகலாம். அது யாரை என்ன செய்தது என்பதற்குச் சான்றாகாது. ஒரு படத்தின் செல்வாக்கை அறிய, அதிலிருந்து மக்கள் எதை எடுத்துக்கொண்டார்கள் என்பதோடு, எடுத்துக்கொள்ளும்போது எதை விட்டுவிட்டார்கள் என்றும் பார்த்தாக வேண்டும். 'ஸ்கார்ஃபேஸ்' விஷயத்தில் எடுத்துக்கொண்டதைவிட விட்டுவிட்டதே அதிகம் பேசுகிறது என்பதுதான் இந்தக் கட்டுரையின் வாதம்.

படத்தின் வரலாற்றைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். 1932இல் ஹாவர்ட் ஹாக்ஸ் இதே பெயரில் ஒரு படம் எடுத்தார். பென் ஹெக்ட் எழுதி, பால் மூனி நடித்தது. சிகாகோவின் அல் கபோனை நினைவூட்டிய அந்தப் படம் தணிக்கைக்காரர்களிடம் படாத பாடு பட்டது. நாட்டின் அவமானம் என்ற துணைத்தலைப்பு ஒட்டப்பட்டது. நாயகன் சட்டப்படி தூக்கிலிடப்படுவதாக மாற்று முடிவு ஒன்றும் எடுக்கப்பட்டது. அரை நூற்றாண்டு கழித்து அந்தப் படத்தை லாஸ் ஏஞ்சலிஸ் திரையரங்கு ஒன்றில் பார்த்த அல் பசீனோ, அதைப் புதிதாக எடுக்க வேண்டும் என்று தயாரிப்பாளர் மார்ட்டின் பிரெக்மனிடம் சொன்னார். கதையைச் சிகாகோவிலிருந்து மயாமிக்கும், சாராயத்திலிருந்து கோகெய்னுக்கும், இத்தாலியக் குடியேறியிடமிருந்து கியூப அகதியிடமும் நகர்த்தும் யோசனை இயக்குநர் சிட்னி லூமெட்டிடமிருந்து வந்தது. ஆலிவர் ஸ்டோன் திரைக்கதை எழுதினார். லூமெட் விலக, டி பால்மா வந்தார். வன்முறைக்காகப் படத்துக்கு முதலில் கிடைத்தது 'எக்ஸ்' சான்றிதழ். மேல்முறையீட்டில் 'ஆர்' கிடைத்தது. விமர்சகர்களில் ரோஜர் ஈபர்ட் போன்ற சிலர் பாராட்டினாலும் பெரும்பான்மையோர் கூச்சலும் ரத்தமுமான படம் என்று ஒதுக்கினார்கள். மோசமான படங்களுக்கான ரேஸி விருதுக்கு டி பால்மாவின் பெயர் முன்மொழியப்பட்டது. அமெரிக்காவில் ஏறத்தாழ 4.5 கோடி டாலர் வசூலித்தது. அதே ஆண்டின் 'ரிட்டர்ன் ஆஃப் தி ஜெடை' 25 கோடியைத் தாண்டியிருந்தது. 1984இன் தொடக்கத்தில் இதை யாரும் ஒரு சகாப்தத்தின் படமாக நினைத்திருக்க வாய்ப்பில்லை.

தாதா படங்களைப் பற்றி யோசிக்கும் எவரும் ராபர்ட் வார்ஷோவைக் கடந்து போக முடியாது. 1948இல் அவர் எழுதிய சிறு கட்டுரை இந்த வகைப் படத்தைத் துன்பியல் நாடகமாகப் பார்க்கக் கற்றுக்கொடுத்தது. தாதா நகரத்தின் பிள்ளை, மேலே ஏறியே தீர வேண்டும் என்ற கட்டாயம் அவனுக்கு உண்டு, ஏறியவன் தனித்துப்போகிறான், தனித்துப்போனவன் விழுகிறான். மகிழ்ச்சியையும் முன்னேற்றத்தையும் மட்டுமே பேசச் சொல்லும் ஒரு சமூகத்தில், வெற்றி பெற வேண்டும் என்ற கட்டளையே ஆளைக் கொல்லும் என்னும் உண்மையைத் தாதாவின் வீழ்ச்சி வழியாகப் பார்வையாளர்கள் பாதுகாப்பாக அனுபவிக்கிறார்கள் என்றார் வார்ஷோ. அவர் சொன்னதில் ஏற்றமும் வீழ்ச்சியும் பிரிக்க முடியாத இரண்டு பாதிகள். ஒன்றில்லாமல் மற்றது பொருள் தராது. அவர் எழுதிய காலத்தில் அது உண்மைதான். இருட்டரங்கில் உட்கார்ந்தவர் படத்தைத் தொடக்கம் முதல் இறுதிவரை பார்த்தாக வேண்டும். எழுந்து போகலாமே ஒழிய, படத்தை வெட்ட முடியாது. 1983 படத்தின் நாயகன் டோனி மான்டானாவின் காலத்தில் அந்த நிபந்தனை மாறிவிட்டது.

அதை மாற்றியது வீடியோ கேசட். 'ஸ்கார்ஃபேஸ்' வெளியாகி ஆறு வாரம்கூட ஆகாத நிலையில், 1984 ஜனவரி 17 அன்று, அமெரிக்க உச்ச நீதிமன்றம் ஒரு தீர்ப்பு சொன்னது. வீட்டில் தொலைக்காட்சி நிகழ்ச்சிகளைப் பதிவுசெய்துகொள்ள உதவும் சோனியின் பீட்டாமேக்ஸ் கருவி பதிப்புரிமையை மீறுவதாகத் தொடுக்கப்பட்ட வழக்கு அது. நீதிபதிகள் ஐந்துக்கு நான்கு என்ற கணக்கில் சோனியின் பக்கம் நின்றார்கள். வழக்குத் தொடுத்தவர்களில் முதன்மையானது யுனிவர்சல் நிறுவனம். 'ஸ்கார்ஃபேஸ்' அதே யுனிவர்சலின் படம். எந்தக் கருவியை எதிர்த்து வழக்காடியதோ அதே வகைக் கருவிகள்தான் அதன் படத்தைக் காப்பாற்றின. வழக்கு பதிவைப் பற்றியது, கேசட் வாடகையைப் பற்றியதல்ல என்பது சரி. ஆனாலும் வீட்டுக்குள் வீடியோ பெட்டி தடையின்றி நுழைய அந்தத் தீர்ப்பு வழிவிட்டது. அதன் விளைவைப் பணக்கணக்கில் மட்டும் பார்க்கக் கூடாது. வீட்டில் பார்ப்பவர் பிடித்த இடத்துக்குத் திரும்பிப் போகலாம், பிடிக்காததை ஓட்டிவிடலாம், ஒரே வசனத்தை இருபது முறை கேட்கலாம். கிட்டத்தட்ட மூன்று மணி நேரப் படம் காட்சிகளின் தொகுப்பாக மாறியது. சில ஆண்டுகளில் ராப் இசைக்காரர்களின் கையில் ஒலியை வெட்டி எடுக்கும் சாம்ப்ளர் வந்தது. 1987இல் வந்து அந்த இசையின் முதுகெலும்பாக இருந்த எஸ்.பி-1200 கருவி மொத்தமாகப் பத்து வினாடி ஒலியைத்தான் சேமிக்கும். பத்து வினாடிக்குள் அடங்கும்படி படத்தை நறுக்க வேண்டுமானால், எந்தப் பத்து வினாடி என்று ஒருவர் முடிவெடுத்தாக வேண்டும். செல்வாக்கு என்று நாம் பொத்தாம்பொதுவாகச் சொல்வது உண்மையில் இப்படிப்பட்ட ஆயிரக்கணக்கான முடிவுகளின் கூட்டுத்தொகை.

அந்த முடிவுகளை எடுத்தவர்களைப் பற்றி நிலவும் கருத்து எளிமையானது: துப்பாக்கி, பணம், மாளிகை, பொன்னிற முடிப் பெண் ஆகியவற்றில் மயங்கிய கறுப்பின இளைஞர்கள் ஒரு எச்சரிக்கைக் கதையைப் புகழ்ச்சிக் கதையாகத் தவறாகப் படித்துவிட்டார்கள் என்பது. பாடல்களைக் கவனித்தால் இது நிற்காது. ஹூஸ்டன் நகரத்தின் கெட்டோ பாய்ஸ் குழுவைச் சேர்ந்த பிராட் ஜோர்டன், படத்தின் பெயரையே தன் மேடைப்பெயராக வைத்துக்கொண்டவர். இவரைவிடப் பெரிய வாரிசு யாரும் இருக்க முடியாது. அந்தக் குழுவுக்கு 1991இல் நாடளாவிய புகழ் தேடித்தந்த 'மைண்ட் ப்ளேயிங் ட்ரிக்ஸ் ஆன் மீ' எதைப் பற்றியது? தூக்கம் வராமல், நிழலைக் கண்டு அஞ்சி, யாரோ பின்தொடர்வதாக நம்பி, உயிர் வெறுத்துப்போன ஒருவனின் மனநிலையைப் பற்றியது. இது படத்தின் முதல் மணி நேரத்திலிருந்து வரவில்லை. கடைசி அரை மணி நேரத்திலிருந்து வருகிறது. நட்டோரியஸ் பி.ஐ.ஜி. 1997இல் வெளியிட்ட, போதை வியாபாரத்துக்கான பத்துக் கட்டளைகளை அடுக்கும் பாடலில், விற்கிற சரக்கைத் தானே உட்கொள்ளக் கூடாது என்ற விதி இடம்பெறுகிறது. படத்தில் டோனிக்குச் சொல்லப்பட்ட விதி அது. அதை அவன் மீறியதால்தான் அழிகிறான். அந்தப் பாடகர் வீழ்ச்சியை மறக்கவில்லை; அதிலிருந்து பாடம் எடுத்து வைத்திருக்கிறார். 1994இல் நாஸ், படத்தில் விமானக் கம்பெனியின் விளம்பரமாக ஆகாயக் கப்பலில் ஒளிர்ந்து போகும் 'உலகம் உன்னுடையது' என்ற சொற்களைப் பாட்டின் பெயராக்கினார். டோனி அந்த விளம்பரத்தை வாக்குறுதியாக எடுத்துக்கொண்டவன். நாஸ் அதை, குவீன்ஸ்பிரிட்ஜ் அடுக்குமாடிக் குடியிருப்பிலிருந்து பார்க்கும்போது யாருக்கு இந்த உலகம் சொந்தம் என்ற கேள்வியாகத் திருப்பினார். மாப் டீப் குழு, படத்துக்கு ஜியோர்ஜியோ மொரோடர் அமைத்த இசையிலிருந்து எடுத்தது வெற்றி முழக்கத்தை அல்ல, கல்லறை வாசனை வீசும் டோனியின் கருப்பொருளை.

ஏன் இவர்களுக்கு இந்தப் படம்? 'காட்ஃபாதர்' இருந்ததே. கொர்லியோனே குடும்பத்தில் பிறந்தவனுக்குத் தந்தை உண்டு, பெயர் உண்டு, ஆலோசகர் உண்டு, அரசியல்வாதிகளின் தயவு உண்டு. டோனிக்கு ஒன்றுமில்லை. மயாமியில் ஒரு சின்னச் சாப்பாட்டுக் கடையின் பின்கட்டில் அவனும் நண்பன் மேனியும் எண்ணெய்ப் பிசுக்கேறிய தட்டுகளைக் கழுவும் காட்சியை நின்று பார்க்க வேண்டும். எதிர்ச்சாரியில் இரவு விடுதி. கார்கள் வந்து நிற்கின்றன. பளபளக்கும் ஆடையில் பெண்கள் இறங்குகிறார்கள். சன்னல் வழியாக அதையே பார்க்கிறான். தன் கைகளைப் பார்த்துக்கொண்டு, இவை இதற்காக உண்டானவை அல்ல என்கிறான். படத்தின் மிகுதி முழுக்க இந்த இடத்திலிருந்து புறப்படுகிறது. தொழிற்சாலைகள் மூடி, கறுப்பினக் குடியிருப்புகளில் வேலை வற்றிப்போய், கிராக் என்னும் கோகெய்ன் வடிவம் வந்து நிறைந்த எண்பதுகளில், இந்தக் காட்சிக்கு விளக்கவுரை தேவைப்படவில்லை. 1986இல் அமெரிக்கக் காங்கிரஸ் நிறைவேற்றிய சட்டம், 5 கிராம் கிராக் வைத்திருந்து விற்றவனுக்கும் 500 கிராம் கோகெய்ன் தூள் வைத்திருந்து விற்றவனுக்கும் ஒரே ஐந்தாண்டுக் கட்டாயச் சிறை விதித்தது. ஒரே பொருளின் இரண்டு வடிவங்களுக்கு நூற்றுக்கு ஒன்று என்ற வேறுபாடு. கிராக் வழக்கில் கூட்டாட்சித் தண்டனை பெற்றவர்களில் மிகப் பெரும்பான்மையோர் கறுப்பர்கள். அந்த வேறுபாடு 2010இல்தான் பதினெட்டுக்கு ஒன்று என்று குறைக்கப்பட்டது. தட்டுக் கழுவும் சிங்க்குக்கும் சிறைக்கும் நடுவே மூன்றாவது வழி காணாத ஒருவனின் கதை அங்கே எடுபட்டதற்குக் காரணம் படத்தின் மாயவித்தை அல்ல. அந்தக் குடியிருப்புகள் படத்துக்காகக் காத்திருக்கவும் இல்லை. தங்கள் நிலைமையைப் பேச அதைக் கருவியாக எடுத்துக்கொண்டன.

வீழ்ச்சியை உண்மையிலேயே வெட்டி எறிந்தவர்கள் வேறு யாரோ. 2006இல் வெளியான 'ஸ்கார்ஃபேஸ்: தி வேர்ல்ட் இஸ் யுவர்ஸ்' என்ற காணொளி விளையாட்டு, படத்தின் இறுதித் துப்பாக்கிச் சண்டையில் தொடங்குகிறது. படத்தில் பின்னாலிருந்து சுடப்பட்டு, உலக உருண்டைச் சிலைக்கடியிலுள்ள குளத்தில் குப்புற விழும் டோனி, விளையாட்டில் தப்பித்து, இழந்த சாம்ராஜ்யத்தை மீட்கப் புறப்படுகிறான். அந்தச் சாவை விளையாட்டுத் தயாரிப்பாளர்கள் தெரியாமல் விட்டுவிடவில்லை. அது இருந்தால் விற்பதற்குத் தொடர்ச்சி இருக்காது என்று நன்றாகத் தெரிந்துதான் நீக்கினார்கள். அதற்கு நான்கு ஆண்டுகள் முந்தைய 'கிராண்ட் தெஃப்ட் ஆட்டோ: வைஸ் சிட்டி', எண்பதுகளின் மயாமியை மறுபடைப்பு செய்து, இதே மாளிகையையும் படத்தில் மின்ரம்பத்தால் ஒருவனை அறுக்கும் குளியலறையையும்கூட உள்ளே வைத்தது. படம் வெளியாகி இருபது ஆண்டு நிறைவை ஒட்டி ராப் இசைப் பின்னணியோடு மறுவெளியீடு செய்ய யுனிவர்சல் விரும்பியது. மொரோடரின் இசை படத்தின் உறுப்பு என்று டி பால்மா மறுத்துவிட்டார். அதனால் ராப் பாடகர்களின் பேட்டிகளடங்கிய ஆவணப்படம் ஒன்று 2003 டிவிடியில் இணைக்கப்பட்டது. இந்த வரிசையைப் பார்க்கும்போது, ராப் பாடகர்கள் ஏற்றத்தை மட்டும் பிடித்துக்கொண்டார்கள் என்ற பழி தவறான முகவரிக்குப் போகிறது. அவர்களில் முக்கியமானவர்கள் வீழ்ச்சியோடு சேர்த்துத்தான் வாங்கிக்கொண்டார்கள். பிணத்தை அப்புறப்படுத்தியது வர்த்தகம்.

ராப் பாடகர் எல்லோரும் இப்படி நுட்பமாகப் படித்தார்கள் என்று சொல்லவரவில்லை. பெருமை பீற்றவே டோனியைக் கூப்பிட்டவர்கள் ஏராளம். மாளிகை வீடுகளைக் காட்டும் தொலைக்காட்சி நிகழ்ச்சிகளில் அவன் படம் தொங்காத சுவர் குறைவு என்று சொல்லும் அளவுக்கு ஆனது. ஆனால் ஒரு மரபை அதன் சராசரியை வைத்து மட்டும் எடைபோட்டால் மேற்கத்திய ஓவியமும் சங்கீதமும்கூடத் தேறாது. தவறான வாசிப்பு என்ற குற்றச்சாட்டில் இன்னொரு கோளாறும் உண்டு. படமே அந்த வாசிப்பை எதிர்த்துத் தெளிவாக நிற்கிறதா? டோனியின் அலுவலகக் காட்சியில் இதற்கு ஒரு பதில் கிடைக்கிறது. கறுப்பும் பொன்னுமான அறை. முதுகில் தன் பெயரின் முதலெழுத்துகள் பொறித்த நாற்காலி. மேசையில் குவித்து வைத்த கோகெய்ன். அதற்குள் முகத்தைப் புதைத்து எழுகிறான். பக்கத்திலேயே கண்காணிப்புத் திரைகள் வரிசையாக இருக்கின்றன. அவற்றில் கொலையாட்கள் மதிலேறிக் குதிப்பதும் காவலாட்கள் ஒவ்வொருவராக விழுவதும் தெரிகிறது. பார்வையாளர் அனைவரும் பார்க்கிறோம், அவன் பார்ப்பதில்லை. தன்னைக் காக்க வாங்கிய கண்களைப் பயன்படுத்தும் நிலையில் அவன் இல்லை. இதுவரை படத்தின் தீர்ப்பு கடுமையாகவே இருக்கிறது. அடுத்த சில நிமிடங்களில் அவன் எழுந்து நின்று எறிகுண்டுத் துப்பாக்கியால் கதவைத் தகர்க்கும்போது, ஒளிப்பதிவும் பசீனோவின் உடலும் அவனை மலையளவு உயர்த்திவிடுகின்றன. ஒரே காட்சிக்குள் கண்டனமும் வழிபாடும் இருக்கின்றன. சுவரொட்டி ஒட்டியவன் இல்லாததை இட்டுக்கட்டவில்லை; இருந்த இரண்டில் ஒன்றை எடுத்தான்.

இன்னொரு கூட்டமும் இந்தப் படத்திலிருந்து எடுத்துக்கொண்டது. ராபர்ட்டோ சவியானோ 2006இல் வெளியிட்ட 'கொமோரா' நூலில், நேப்பிள்ஸ் அருகே கசால் டி பிரின்சிப்பே ஊரின் வால்டர் ஸ்கியவோனே என்ற, கமோரா குற்றக்கும்பலின் புள்ளியைப் பற்றி எழுதுகிறார். படத்தின் கேசட்டைக் கட்டடக் கலைஞரிடம் கொடுத்து, டோனியின் மாளிகையை அப்படியே கட்டித்தரச் சொன்னாராம். ஊரில் அந்த வீட்டுக்கு ஹாலிவுட் என்றே பெயர். பிறகு அரசு அதைப் பறிமுதல் செய்தது. நிஜக் குற்றவாளி ஏன் கற்பனைக் குற்றவாளியின் வீட்டைக் கட்ட வேண்டும்? மாஃபியா ஆய்வாளர் டியகோ கம்பெட்டா 2009இல் எழுதிய நூல் இதற்கு அறிவுக்கு உகந்த விளக்கம் தருகிறது. மிரட்டிப் பிழைக்கும் தொழிலுக்கு விளம்பரம் வேண்டும்; ஆனால் பலகை மாட்டி விளம்பரம் செய்ய முடியாது. எல்லோரும் பார்த்த ஒரு படம், தாதா என்றால் எப்படி இருப்பான் என்ற பிம்பத்தை ஊர் முழுவதும் இலவசமாக விதைத்து வைத்திருக்கிறது. அந்தப் பிம்பத்தை அணிந்துகொண்டால் போதும், விளக்கம் தேவையில்லை. ஆக ஸ்கியவோனே எடுத்துக்கொண்டது கதையை அல்ல. தோட்டம், தூண்கள், அகன்ற மாடிப்படி என்னும் செட்டை. அந்தப் படிக்கட்டு எதற்குப் படத்தில் இருக்கிறது என்பதை, அதாவது அதன் கைப்பிடிச் சுவரிலிருந்து சுடப்பட்டு விழுவதற்கு என்பதை, விட்டுவிட்டார். சவியானோவின் நூலைத் தழுவி மத்தேயோ கர்ரோனே 2008இல் எடுத்த படம் விட்டுப்போனதைத் திரும்பக் கொண்டுவந்தது. அதில் இரண்டு விடலைப் பையன்கள் பாழடைந்த மாளிகையில் டோனியாக நடித்துக் கத்துகிறார்கள். இறுதியில் அந்த ஊர்க் கும்பலே அவர்களைக் கடற்கரையில் கொன்று மண்வாரி இயந்திரத்தில் அள்ளிப்போகிறது.

இந்த இடத்தில் வலுவான ஆட்சேபம் ஒன்று எழும். அந்தப் பையன்களைக் கெடுத்தது படம்தானே? தாதா படங்கள் குற்றவாளிகளை உருவாக்குகின்றன என்ற அச்சம் அமெரிக்காவில் முதல் 'ஸ்கார்ஃபேஸ்' காலத்திலேயே ஆய்வுக்கு உட்படுத்தப்பட்டது. பெய்ன் நிதியத்தின் உதவியோடு ஹெர்பர்ட் புளூமரும் பிலிப் ஹவுசரும் இளங்குற்றவாளிகளிடமும் கைதிகளிடமும் விசாரித்து 1933இல் நூல் வெளியிட்டார்கள். சினிமாவுக்குப் பங்கு இல்லை என்று அவர்கள் சொல்லவில்லை. ஆனால் ஒரே படம் ஒருவரைக் குற்றத்தின் பக்கமும் இன்னொருவரை அதற்கு எதிர்ப்பக்கமும் தள்ளுவதையும், குடும்பமும் பள்ளியும் வட்டாரமும் எங்கே பலவீனமோ அங்கே சினிமாவின் பிடி இறுகுவதையும் கண்டார்கள். மயாமியின் கதையும் அதையே உறுதிசெய்கிறது. 1979 ஜூலையில் டேட்லேண்ட் வணிக வளாகத்தின் சாராயக் கடையில் பட்டப்பகலில் கோகெய்ன் கும்பல்கள் சுட்டுக்கொண்டன. 1981 நவம்பரில் 'டைம்' பத்திரிகை தெற்கு ஃபுளோரிடாவின் சீரழிவை அட்டைப்படக் கட்டுரையாக்கியது. படம் அதற்குப் பிறகுதான் வந்தது. நகரம் படத்தைப் பார்த்துக் கெடவில்லை. படம் நகரத்தைப் பார்த்து எழுதப்பட்டது.

அதற்காகப் படத்தைக் குற்றமற்றதென்று விடுவித்துவிட முடியாது. அதன் உண்மையான குற்றம் வேறிடத்தில், அதன் முதல் நிமிடத்திலேயே இருக்கிறது. 1980 ஏப்ரல் முதல் அக்டோபர் வரை கியூபாவின் மரியேல் துறைமுகத்திலிருந்து ஏறத்தாழ 1,25,000 பேர் படகுகளில் ஃபுளோரிடாவுக்கு வந்தார்கள். அவர்களில் 25,000 பேர் குற்றப் பின்னணி உள்ளவர்கள் என்று படத்தின் தொடக்க எழுத்து சொல்கிறது. அதைத் தொடர்ந்து அகதிப் படகுகளின் நிஜக் காட்சிகளும் காஸ்ட்ரோவின் பேச்சும் வருகின்றன. செய்திப் படத்தின் தோரணையில் சொல்லப்பட்ட அந்த எண்ணிக்கைக்குள் யார் யார் இருந்தார்கள்? கறுப்புச் சந்தையில் பொருள் விற்றவர், முன்பே நாட்டைவிட்டுத் தப்ப முயன்றவர், ஒருபாலுறவுக்காகத் தண்டிக்கப்பட்டவர் எல்லோரும் அங்கே குற்றவாளிகள்தாம். எந்தக் குற்றமும் செய்யாமலே சமூகத்துக்கு ஆபத்தானவர் என்று ஒருவரை உள்ளே தள்ளவும் கியூபச் சட்டத்தில் இடமிருந்தது. கொடுங்குற்றம் செய்தவர்கள் வந்தவர்களில் மிகச் சிறு பகுதியே. மயாமிக் கியூபர்கள் படப்பிடிப்பின்போதே எதிர்த்தார்கள்; நகரசபை உறுப்பினர் ஒருவர் தடுக்க முயன்றார்; பெரும்பகுதி லாஸ் ஏஞ்சலிஸ் பகுதிக்கு மாற்றப்பட்டது. சமரசமாக, இந்தப் பாத்திரங்கள் கியூப அமெரிக்கர்களைப் பிரதிநிதித்துவம் செய்யவில்லை என்ற அறிவிப்பு படத்தின் இறுதியில் சேர்க்கப்பட்டது. தொடக்கத்தில் குற்றச்சாட்டு, எல்லோரும் எழுந்து போனபின் மறுப்பு. மரியேல் அகதி என்றாலே சந்தேகத்துக்குரியவர் என்ற முத்திரை பல்லாண்டு ஒட்டிக்கொண்டது. படம் அதைத் தொடங்கிவைக்கவில்லை, ஆனால் ஒரு முகம் கொடுத்தது. முக்கியப் பாத்திரங்களில் நடித்தவர்களில் கியூபாவில் பிறந்தவர் ஸ்டீவன் பாவர் ஒருவர்தான். அந்தச் சமூகம் தன் கதையைச் சொல்லக் கிடைத்த மிகப் பெரிய மேடையில், அதன் குரல் கடைசி எழுத்துகளாகத் தேய்ந்து போனது.

பெண்கள் விஷயத்திலும் இதே வெட்டு நடந்திருக்கிறது. உணவகத்தில் குடிபோதையில் டோனி பேசும் பேச்சு படத்திலேயே அதிகம் திருப்பிச் சொல்லப்படும் ஒன்று. உங்களைப் போன்ற நல்லவர்களுக்குச் சுட்டிக்காட்ட என்னைப் போன்ற ஒரு கெட்டவன் தேவை என்று பணக்காரக் கூட்டத்தைப் பார்த்துச் சீறுகிறான். ஆனால் அதற்குச் சற்று முன்னால் மனைவி எல்விராவுக்குப் பிள்ளைப்பேறு இல்லை என்று எல்லோர் முன்னும் அவன் கேவலப்படுத்துவதும், அவள் பானத்தை அவன் முகத்தில் வீசிவிட்டு வாழ்க்கையை விட்டே வெளியேறுவதும் நடந்திருக்கின்றன. பேச்சைத் திருப்பிச் சொல்பவர்கள் இந்த முன்பகுதியை விட்டுவிடுவதால், தன் வீட்டில் தோற்றவனின் வெறும் வீம்பாக இருந்தது புரட்சிக் குரலாகிவிடுகிறது.

இந்தியாவுக்கு வந்தபோது வேறு பகுதிகள் வெட்டப்பட்டன. முகுல் ஆனந்தின் 'அக்னிபத்', 1990இல், டோனியின் பணத்தை ஏற்க மறுத்துக் கதவைச் சாத்தும் தாயை எடுத்துக்கொண்டு மொத்தக் கதையையும் அவள் மேல் கட்டியது. நாயகன் கொலைகாரனாவதற்குத் தந்தையின் சாவு என்ற நியாயத்தையும் சேர்த்தது. 2012இல் சக்ரி டொலேட்டி இயக்கத்தில் அஜித் நடித்த 'பில்லா 2' இன்னும் நெருக்கமானது. ஈழப் போரில் குடும்பத்தை இழந்து அகதியாகத் தமிழகம் வந்து, கடத்தலில் நுழைந்து தாதாவாகிறவன் டேவிட் பில்லா. மரியேல் படகுகள் பாக் நீரிணைக்கு வந்துவிட்டன. ஆனால் அது 2007ஆம் ஆண்டு 'பில்லா'வின் முன்கதை. நாயகன் உயிரோடு இருந்தாக வேண்டும். எனவே காணொளி விளையாட்டு நிறுவனம் செய்ததையே இங்கும் திரைக்கதை செய்தது: ஏற்றத்தை எடுத்து, வீழ்ச்சியை விட்டது. வீழ்ச்சி போனவுடன், அகதி என்பது துன்பத்தின் பெயராக இல்லாமல் நாயகனின் மிடுக்குக்குக் கிடைத்த முன்கதையாகச் சுருங்குகிறது. மயாமிக் கியூபர்கள் எழுப்பிய கேள்வியை, முகாம்களில் பல்லாண்டுகளாகக் காவல்துறையின் பதிவேட்டில் கையெழுத்திட்டு வாழும் ஈழத்தமிழர்கள் சார்பாக இங்கே யாரும் உரக்க எழுப்பவில்லை என்பது வருத்தத்துக்குரியது. எழுப்பியிருக்க வேண்டும்.

ராப் பாடகர், விளையாட்டு நிறுவனம், கமோரா, இந்தியத் திரைக்கதையாளர் ஆகிய எல்லோருமே ஒரு பகுதியை ஒருமனதாக விட்டுவிட்டார்கள். அது வங்கி. டோனியின் ஆட்கள் பணம் திணித்த பைகளைச் சுமந்துகொண்டு வங்கிக்குள் நுழையும் காட்சிகளும், எண்ணும் இயந்திரங்கள் இடைவிடாமல் ஓடும் காட்சிகளும் படத்தின் நடுவில் வருகின்றன. கோட்டு சூட்டு போட்ட வங்கிக்காரர் கனிவாகப் பேசி, கறுப்புப் பணத்தை வெளுக்கும் கட்டணத்தை உயர்த்துகிறார்; டோனி கத்துகிறான், வேறு வழியில்லை. செலவைக் குறைக்க வேறு ஆளைத் தேடிப்போய்த்தான் மாறுவேடக் காவலர்களிடம் மாட்டுகிறான். அந்த வழக்கிலிருந்து தப்பத்தான் பொலிவியக் கடத்தல்காரன் சோசாவின் கொலைத் திட்டத்துக்குச் சம்மதிக்கிறான். கொல்ல வேண்டியவரின் காரில் குழந்தைகள் இருப்பதைப் பார்த்து மறுப்பதால்தான் சாகிறான். கதையின் அச்சாணி துப்பாக்கி அல்ல, கமிஷன் விகிதம். இது கற்பனையும் அல்ல. எழுபதுகளின் இறுதியில் ஃபெடரல் ரிசர்வின் மயாமிக் கிளையில் இயல்புக்கு மீறி ரொக்கம் குவிந்ததைக் கண்டுதான் 1980இல் அரசு 'கிரீன்பேக்' நடவடிக்கையைத் தொடங்கியது. பணம் வெளுப்பதையே தனிக் குற்றமாக்கும் சட்டம் 1986இல்தான் வந்தது. 1988இல் பி.சி.சி.ஐ. என்ற பன்னாட்டு வங்கி, கோகெய்ன் பணத்தை வெளுத்ததாக ஃபுளோரிடாவின் டாம்பாவில் குற்றஞ்சாட்டப்பட்டு, 1990இல் ஒப்புக்கொண்டது. டக்கரின் நூல் போன்ற செல்வாக்கு வரலாறுகள், எதிரொலித்தவற்றை மட்டும் சேகரிப்பதால், எதிரொலிக்காத இந்தப் பகுதியைக் கணக்கில் எடுக்கவே முடியாத முறையைக் கையாளுகின்றன. படத்தின் எல்லா வாரிசுகளுக்கும் டோனி வேண்டியிருந்தது. வங்கிக்காரரின் முகம் எந்தப் பனியனிலும் அச்சாகவில்லை, எந்தப் பாட்டும் அவர் பெயரைச் சூட்டிக்கொள்ளவில்லை. படத்தில் கைதாகாமலும் சுடப்படாமலும் தப்பிக்கிறவர்களில் அவரும் ஒருவர்.